போலோவுக்கு 15 இஞ்ச் அலாய்: ஓட்டை பொருந்தினால் போதுமா?

காட்பாடிக்காரன்:

எல்லோருக்கும் வணக்கம். என்னிடம் இருப்பது 2012 மாடல் ஃபோக்ஸ்வாகன் போலோ கம்ஃபர்ட்லைன், 1.2 பெட்ரோல். இரண்டாவது கையாக வாங்கினேன். இப்போது 86,000 கிலோமீட்டர் ஓடியிருக்கிறது. போன மாதம் ரயில்வே பாலத்துக்கு அடியில் தேங்கிய மழைத் தண்ணீரில் பள்ளம் இருந்தது தெரியவில்லை. இடப்பக்க முன் சக்கரம் முதலில் விழுந்தது, அடுத்த நொடியே பின் சக்கரமும் அதே இடத்தில் விழுந்தது. டயருக்கு ஒன்றும் ஆகவில்லை, ஆனால் இரண்டு ஸ்டீல் ரிம்மும் வாய் மடங்கிவிட்டன. பஞ்சர் கடையில் சுத்தியலால் தட்டி நிமிர்த்திக் கொடுத்தார்கள். அப்படியும் இரண்டு நாளுக்கு ஒருமுறை காற்று இறங்குகிறது. 80-ஐத் தாண்டினால் ஸ்டீயரிங் கையில் உதறுகிறது.

எப்படியும் ரிம் மாற்றத்தான் வேண்டும், நாலையும் அலாயாகப் போட்டுவிடலாம் என்று போன சனிக்கிழமை சென்னை ஜி.பி. ரோட்டுக்குப் போனேன். ஒரு கடையில் 15 இஞ்ச் பத்து ஓட்டை அலாய் ஒன்றைக் காட்டினார்கள். பார்க்க நன்றாகவே இருந்தது. நாலும் சேர்ந்து 24,000 ரூபாய், டயர் தனி. அலாயின் பின்பக்கம் 15×7, ஈடி 35, 73.1, அப்புறம் 5×100 / 5×114.3 என்று போட்டிருந்தது. என் பழைய ரிம்மில் 5ஜே×14, ஈடி 35 என்று இருக்கிறது. "ஈடி ரெண்டும் ஒண்ணுதான் சார், கண்ணை மூடிக்கிட்டுப் போடுங்க" என்றார் கடைக்காரர். ஒரு ரிம்மை என் காரில் மாட்டியும் காட்டினார். டப்பாவிலிருந்து வேறு போல்ட் எடுத்துத்தான் முடுக்கினார். கையால் சுற்றிப் பார்த்தேன், எங்கேயும் இடிக்கவில்லை. மட்கார்டைவிட ரிம்மின் வாய் கொஞ்சம் வெளியே தெரிவது போல் இருந்தது, அது என் கண்ணுக்கு மட்டும்தானா என்று சொல்லத் தெரியவில்லை. டயர் 195/60 ஆர்15 போடச் சொல்கிறார்.

முன்பணம் கொடுக்காமல் வந்துவிட்டேன். ஐந்து ஓட்டையும் சரியாக உட்கார்ந்ததே, அது போதாதா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

மஞ்சள் ஸ்விஃப்ட்:

அண்ணா, ரொம்ப யோசிக்கிறீர்கள். என் ஸ்விஃப்ட்டில் இதே மாதிரி அலாய்தான், இரண்டு வருஷமாக ஓடுகிறது, ஒரு பிரச்சினையும் இல்லை. ஓட்டை உட்கார்ந்தால் முடிந்தது. வெளியே கொஞ்சம் தள்ளி நின்றால்தான் கெத்து.

உறையூர் அலைன்மென்ட்:

காட்பாடித் தம்பிக்கு. திருச்சியில் 22 வருஷமாக அலைன்மென்ட் கடை வைத்திருக்கிறேன். ரிம்மைக் கவிழ்த்துப் பின்னால் இருக்கிற எழுத்தைப் படித்தீர்களே, அதிலேயே பாதி வேலை முடிந்தது. இங்கே வருகிறவர்கள் பெரும்பாலும் முன்பக்க டிசைனை மட்டும் பார்த்து வாங்கி மாட்டிவிடுவார்கள். அப்புறம் ஸ்டீயரிங் உதறுகிறது, அலைன்மென்ட் பாருங்கள் என்று என் கடை வாசலில் நிற்பார்கள். தப்பான ரிம்மை அலைன்மென்ட் என்ன செய்யும்?

முதலில் அந்த "ஈடி ஒண்ணுதான்" கதை. ரிம்மின் அகலத்துக்கு நட்ட நடுவில் ஒரு கோடு இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். ஹப்பில், அதாவது வண்டியில் சக்கரத்தை மாட்டுகிற இடத்தில், ஒட்டி உட்காரும் முகம் அந்தக் கோட்டிலிருந்து வெளிப்பக்கமாக எத்தனை மி.மீ. தள்ளி இருக்கிறதோ அதுதான் ஈடி. ரிம் அகலம் மாறாதவரைக்கும் இரண்டு ஈடியை ஒப்பிடலாம். அகலம் மாறிவிட்டால் ஈடி மட்டும் ஒன்றாக இருப்பதில் அர்த்தமே இல்லை.

ஒரு பேப்பரை எடுத்துக் கணக்குப் போடுங்கள். உங்கள் ஸ்டீல் ரிம் 5 இஞ்ச், அதாவது 127 மி.மீ. பாதி 63.5. அதில் 35 போனால் 28.5. ஹப் முகத்திலிருந்து ரிம் வெளியே நீட்டுவது அவ்வளவுதான். கடைக்காரர் காட்டியது 7 இஞ்ச், 177.8 மி.மீ. பாதி 88.9. அதில் 35 போனால் 53.9. ஈடி அதே 35, ஆனால் ரிம்மின் வாய் 25.4 மி.மீ. வெளியே வந்துவிட்டது. முழுசாக ஒரு இஞ்ச்! உள்பக்கமும் அதே ஒரு இஞ்ச் போயிருக்கிறது. மட்கார்டைத் தாண்டித் தெரிந்தது உங்கள் கண்ணின் கோளாறு இல்லை.

சரி, ஒரு இஞ்ச் நிறையவா, கொஞ்சமா? அதற்கு நான் ஒரே ஒரு வழிதான் பார்ப்பேன். அதே காருக்குக் கம்பெனி எந்தெந்த ரிம் கொடுத்தது என்று பார்த்து, அதோடு ஒப்பிடுவேன். உங்கள் வண்டியின் அண்ணன் ஹைலைன், அதே போலோவின் மேல் ரகம். அதற்கு வந்தது 6ஜே×15, ஈடி 40. வெளியே நீட்டுவது 36.2. ஐரோப்பாவில் இதே போலோவுக்கு 7ஜே×16, ஈடி 46 வந்தது. அதில் 42.9. கம்பெனி கொடுத்த அகலமான ரிம்மையே உங்கள் ஜி.பி. ரோடு அலாய் 11 மி.மீ. தாண்டி நிற்கிறது. உள்பக்கம் பயமில்லை. அதற்குப் பாதி அகலத்தோடு ஈடியைக் கூட்ட வேண்டும். 16 இஞ்சில் கம்பெனியே 134.9 வரை உள்ளே விட்டிருக்கிறது, உங்களுடையது 123.9தான். கடையில் கையால் சுற்றியபோது இடிக்காததற்குக் காரணம் இது. ஆனால் வண்டியில் ஆள் இல்லாமல், ஜாக்கியில் தூக்கிச் சுற்றிப் பார்த்தால் எந்த ரிம்மும் இடிக்காது தம்பி. பின் சீட்டில் மூன்று பேரை உட்கார வைத்து ஒரு ஸ்பீட் பிரேக்கர் ஏறி இறங்கினால்தான் மட்கார்டு டயரைத் தொடுகிறதா என்று தெரியும். சக்கரம் வெளியே தள்ளத் தள்ள பேரிங்குக்கும் பாரம் கூடும், பள்ளத்தில் விழும்போது ஸ்டீயரிங் கையிலிருந்து பிடுங்கும்.

அடுத்தது அந்த 73.1. ரிம்மின் நடு ஓட்டை அது. போலோவின் ஹப் 57.1. கம்பெனி ரிம் அந்த ஹப்பின் மேல் சட்டை பித்தான் மாதிரி பொருந்தி உட்காரும், நடு தானாகப் பிடிக்கும். 73.1 ஓட்டை உள்ள ரிம்மில் சுற்றிலும் 8 மி.மீ. இடைவெளி. நடுப் பிடிக்கிற வேலை முழுக்க போல்ட்டின் தலையில் விழுகிறது. கொஞ்சம் அசந்து முடுக்கினால் ரிம் ஒரு பக்கம் சாய்ந்து உட்காரும், பேலன்சிங் மெஷினில் சுத்தமாக வரும், ரோட்டில் உதறும். 73.1-க்கு 57.1 ஹப் ரிங் கிடைக்கிறது, வாங்கிப் போட்டால் தீரும். கடைக்காரர் ரிங் பற்றிப் பேசினாரா? உங்கள் பதிவில் இல்லை, பேசியிருக்க மாட்டார்.

மூன்றாவது, டப்பாவிலிருந்து எடுத்த போல்ட். இதைத்தான் யாரும் பார்ப்பதில்லை. ஸ்விஃப்ட்டில் ஹப்பிலேயே ஸ்டட், அதாவது வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் மரை போட்ட கம்பி, இருக்கும், நட் போட்டு முடுக்குவோம். மஞ்சள் ஸ்விஃப்ட் தம்பி, உங்கள் அனுபவம் இந்த வண்டிக்கு ஒத்துவராதது முதலில் அதனால்தான். போலோவில் ஸ்டட் கிடையாது, போல்ட்தான், எம்14×1.5. அந்த போல்ட்டின் தலைக்குக் கீழே கோலி மாதிரி உருண்டையாக இருக்கும். ஸ்டீல் ரிம், கம்பெனி அலாய் இரண்டின் ஓட்டையும் அதே உருண்டைக்குக் குழிந்திருக்கும். வெளியே விற்கிற அலாய்களில் பெரும்பாலும் கூம்பு வடிவக் குழி. கூம்புக் குழியில் உருண்டைத் தலையைப் போட்டால் நூல் மாதிரி ஒரு வளையத்தில் மட்டும்தான் தொடும். முடுக்கும்போது கல்லு மாதிரி இருக்கும், நூறு கிலோமீட்டரில் லூசாகும். கடைக்காரர் கூம்பு போல்ட் எடுத்துப் போட்டிருந்தால் அந்த ஒரு விஷயத்தில் அவர் செய்தது சரி. நீளமும் சரியாக இருக்க வேண்டும். ஒன்பது சுற்றாவது கையால் உள்ளே போகவேண்டும். ரொம்ப நீளமென்றால் பின் சக்கரத்தில் டிரம்முக்குள் போய் பிரேக்கோடு சண்டை போடும்.

பத்து ஓட்டை ரிம் எனக்கு எப்போதுமே பிடித்ததில்லை. ஊருக்கெல்லாம் ஒரே சட்டை தைத்த மாதிரி. 5×100 என்றால் 100 மி.மீ. விட்டமுள்ள வட்டத்தில் ஐந்து ஓட்டை, போலோவுக்கு அதுதான். ஐந்து ஓட்டைக்கு வேலை, மீதி ஐந்தில் சேறு.

டயர் கணக்கைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். உங்கள் 175/70 ஆர்14 மொத்தம் 600.6 மி.மீ. உயரம். ஹைலைனின் 185/60 ஆர்15 போட்டால் 603. கடைக்காரர் சொன்ன 195/60 ஆர்15 என்றால் 615. ஓடாது என்று இல்லை, ஆனால் ஸ்பீடோமீட்டர் குறைத்துக் காட்டும், வெளியே நீட்டுகிற ரிம்மோடு சேர்ந்து மட்கார்டை உரசும் வாய்ப்பும் கூடும். அவர் 195 சொன்னதற்குக் காரணம் 7 இஞ்ச் ரிம்மில் 185 டயரை நீட்டி உட்கார வைக்கக் கூடாது என்பதுதான். ஒரு தப்பு இன்னொரு தப்பைக் கூட்டிக்கொண்டு வருகிறது.

லீனியா ஓட்டி:

உறையூர் அண்ணன் சொன்ன நடு ஓட்டை விஷயத்தை நான் காசு கொடுத்துக் கற்றுக்கொண்டேன். ஃபியட் லீனியாவுக்கு பி.சி.டி. (போல்ட் ஓட்டைகள் நிற்கும் வட்டத்தின் அளவு) 4×98. பலரும் 4×100 போடும்போது ஃபியட் 98. ஒரு கடையில் 4×100 அலாயை மாட்டினார்கள், சுலபமாகவே ஏறியது. இரண்டு மி.மீ. வித்தியாசம், ஒரு ஓட்டைக்கு ஒரு மி.மீ.தான். நடு ஓட்டையும் 73.1. லீனியாவின் ஹப் 58.1. அதாவது பிடித்து நிறுத்த ஒன்றுமே இல்லை. நாலு போல்ட்டும் கொஞ்சம் கொஞ்சம் சாய்ந்து உட்கார்ந்திருந்தன, எனக்குத் தெரியாது.

கோயம்புத்தூரிலிருந்து சேலம் போகும்போது பெருந்துறை தாண்டி பின்னாலிருந்து டக் டக் என்று ஒரு சத்தம். டிக்கியில் ஜாக்கி ஆடுகிறது என்று நினைத்து பாட்டுச் சத்தத்தைக் கூட்டினேன் (இதை வீட்டில் இன்னும் சொல்லவில்லை). டீ குடிக்க நிறுத்தியபோது பார்த்தால் பின் வலது சக்கரத்தில் இரண்டு போல்ட் விரலால் சுற்றும் அளவுக்கு லூசு. அன்றைக்கே ஸ்டெப்னியைப் போட்டு நாற்பதில் திரும்பி வந்தேன். அந்த அலாய் இப்போது மாடியில் செடித்தொட்டிக்கு அடியில் இருக்கிறது.

மாட்டுத்தாவணி மீனா:

கேட்கிறேன் என்று தப்பாக நினைக்காதீர்கள், அலாய் எதற்கு? நான் இரண்டு டாக்ஸி ஓட விடுகிறேன், இரண்டும் ஸ்டீல்தான். ஸ்டீல் பள்ளத்தில் விழுந்தால் மடங்கும், பிரஸ்ஸில் வைத்து நிமிர்த்தலாம். அலாய் விழுந்தால் விரிசல் விடும், அதை வெல்டிங் வைத்து ஓட்டுவதற்கு எனக்குத் தைரியம் இல்லை. மடங்கியது இரண்டு ரிம்தானே, அதே 5ஜே×14 இரண்டு வாங்கிப் போட்டால் டயரும் மாற்ற வேண்டாம். மிச்சமாகும் பணத்தில் பின் பிரேக் ஷூவைப் பாருங்கள், 86,000 ஆகிவிட்டதே.

காட்பாடிக்காரன்:

எல்லோருக்கும் நன்றி. மீனா அக்கா, நீங்கள் சொல்வது முழுக்க நியாயம். பிரேக் ஷூவும் பார்க்கிறேன். ஆனால் உண்மையைச் சொல்லிவிடுகிறேன், எனக்கு அலாய் ஆசை. பிளாஸ்டிக் தொப்பி போட்ட சக்கரத்தோடு பத்து வருஷம் ஓட்டியாகிவிட்டது.

உறையூர் அண்ணா, ஹைலைனின் 6ஜே×15 பழையது சென்னை புதுப்பேட்டையில் கிடைக்கும் என்கிறார்கள். வென்டோ, ஸ்கோடா ரேபிட் ரிம்மும் இதற்கு ஏறுமா? பழையதில் என்ன பார்த்து வாங்க வேண்டும்? போல்ட்டும் மாற்ற வேண்டுமா?

உறையூர் அலைன்மென்ட்:

வென்டோ, ரேபிட் இரண்டும் போலோவின் பங்காளிகள். 5×100, 57.1, கண்டிப்பாக ஏறும். ஸ்கோடா லாரா, ஃபோக்ஸ்வாகன் ஜெட்டா ரிம்மைக் காட்டி "எல்லாம் ஒரே கம்பெனி சார்" என்பார்கள், அது 5×112. நடு ஓட்டை 57.1 என்பதால் ஹப்பில் அழகாக உட்காரும், போல்ட் ஓட்டை மட்டும் சேராது. எழுத்து தேய்ந்திருந்தால் ஒரு ஸ்கேல் போதும். ஒரு ஓட்டையின் இடது விளிம்பிலிருந்து பக்கத்து ஓட்டையின் இடது விளிம்புக்கு அளக்க வேண்டும். 59 மி.மீ. பக்கம் இருந்தால் 5×100. 66 என்றால் 5×112, கீழே வைத்துவிடுங்கள்.

பழைய ரிம்மில் பெயின்ட் பளபளவென்று இருந்தால் எனக்குச் சந்தேகம் வரும். முன்பக்கம் விடுங்கள், உள்பக்க வாயை விரலால் ஒரு சுற்றுத் தடவிப் பாருங்கள். வெல்டிங் வைத்துத் தேய்த்த இடம் விரலுக்குத் தெரியும், கண்ணுக்குத் தெரியாது. ஆரமும் விளிம்பும் சேருகிற மூலையில் தலைமுடி மாதிரி கோடு இருக்கிறதா என்று டார்ச் அடித்துப் பாருங்கள். நாலையும் பேலன்சிங் மெஷினில் டயர் இல்லாமல் சுற்றிக் காட்டச் சொல்லுங்கள். மறுத்தால் அடுத்த கடை. டயர் வாங்கும்போது 185/60 ஆர்15-க்குப் பின்னால் 84 என்று இருக்கிறதா பாருங்கள். ஒரு டயர் 500 கிலோ தாங்கும் என்று அர்த்தம். உங்கள் பழைய டயரிலும் 84தான் இருக்கும், அதற்குக் கீழே இறங்காதீர்கள்.

கம்பெனி அலாய் என்றால் போல்ட் மாற்ற வேண்டாம். அதே உருண்டைத் தலை, உங்கள் பழைய 17 சைஸ் பானாவே போதும். நீங்கள் கேட்கவில்லை, ஆனால் எனக்கு இதுதான் பெரிய விஷயம். ஒரு வாடிக்கையாளர் போலோவுக்குக் கூம்பு போல்ட் வைத்த வெளி அலாய் போட்டிருந்தார். ராத்திரி பதினொரு மணிக்கு உளுந்தூர்பேட்டை தாண்டி டயர் வெடித்தது. ஸ்டெப்னி பழைய ஸ்டீல் ரிம், அதற்கு உருண்டைத் தலை வேண்டும். உருண்டை போல்ட் எல்லாம் வீட்டில் ஒரு டப்பாவில் பத்திரமாக இருக்கிறது! கூம்பு போல்ட்டையே முடுக்கி, மெதுவாகத் திருச்சி வந்து சேர்ந்தார். காலையில் ஸ்டெப்னியைக் கழற்றினால் ஐந்து ஓட்டையும் எலி கடித்த மாதிரி. ரிம்மும் போச்சு, போல்ட்டும் போச்சு.

மாட்டும்போது ஹப் முகத்தில் இருக்கிற துருவை ஒயர் பிரஷ் போட்டுத் தேய்த்துவிட்டு வையுங்கள். போல்ட்டை வரிசையாக முடுக்காதீர்கள், நட்சத்திரம் வரைகிற மாதிரி ஒன்று விட்டு ஒன்று. 120 நியூட்டன் மீட்டர். டார்க் ரெஞ்ச் வைத்திருக்கிற கடைக்குப் போங்கள். காற்றுத் துப்பாக்கியால் அடித்து முடுக்கினால் எவ்வளவு முடுக்கினோம் என்று அடித்தவருக்கே தெரியாது. நூறு கிலோமீட்டர் ஓடியதும் ஒருமுறை திரும்பப் பாருங்கள்.

மஞ்சள் ஸ்விஃப்ட்:

உறையூர் அண்ணா, என் வண்டி ரிம்மைக் கழற்றிப் பார்த்தேன். என்னுடையதும் 73.1, ரிங் இல்லை. ஸ்விஃப்ட்டுக்கு என்ன அளவு ரிங் வாங்க வேண்டும்?

உறையூர் அலைன்மென்ட்:

54.1 தம்பி. நாலு வாங்குங்கள். அந்தக் கெத்து மட்கார்டுக்கு வெளியே நிற்கிறதா என்றும் பாருங்கள். மோட்டார் வாகனச் சட்டம் 52-வது பிரிவு வண்டியின் அமைப்பை மாற்றுவதைப் பற்றித்தான் பேசுகிறது. நாளைக்கு இன்சூரன்ஸ்காரர் வந்து நின்றால் அவருக்குக் கெத்து புரியாது.

காட்பாடிக்காரன்:

வேலை முடிந்தது, அதனால் எழுதுகிறேன். ஞாயிற்றுக்கிழமை காலையில் என் பெண்ணின் ஜியாமெட்ரி பாக்ஸிலிருந்து ஸ்கேலை எடுத்துக்கொண்டு புதுப்பேட்டை போனேன். முதல் கடையில் "போலோ ரிம்தான் சார்" என்று ஒரு செட்டை எடுத்துப் போட்டார்கள். அளந்தால் 66. கீழே வைத்துவிட்டேன். கடைப் பையன் ஸ்கேலை ஒரு மாதிரியாகப் பார்த்தான். மூன்றாவது கடையில்தான் கிடைத்தது. பின்னால் 6ஜே×15, ஈடி 40, பாகத்தின் எண் 6ஆர்0 601 025 என்று ஆரம்பிக்கிறது. ஒன்றில் உள்வாயைத் தடவும்போது விரலில் மேடு தட்டியது. பெயின்ட்டுக்கு அடியில் வெல்டிங். அதைத் தள்ளிவிட்டு வேறொன்று எடுத்துக் கொடுத்தார், முகம் சுளிக்கவில்லை. நாலும் 14,000.

185/60 ஆர்15 84 டயர் போட்டு, பழைய போல்ட்டையே டார்க் ரெஞ்சில் முடுக்கியாயிற்று. பள்ளிகொண்டா டோல் வரை போய்வந்தேன். 90-இலும் ஸ்டீயரிங் அசையவில்லை. நூறு கிலோமீட்டருக்கு அப்புறம் பார்த்ததில் ஒரு போல்ட் கால் சுற்று வாங்கியது. நல்ல ஸ்டீல் ரிம் ஒன்று ஸ்டெப்னியாக டிக்கியில் இருக்கிறது, அதே போல்ட் அதற்கும் சேரும். மீனா அக்கா, பிரேக் ஷூ நீங்கள் சொன்னபடியே தேய்ந்திருந்தது, மாற்றிவிட்டேன்.

ஒன்றே ஒன்றுதான் பாக்கி. ரிம் நடுவில் வைக்கிற சின்ன மூடி மூன்றுதான் கொடுத்தார்கள். வென்டோ, ரேபிட் வைத்திருக்கிறவர்கள் யாரிடமாவது உபரியாக ஒன்று இருந்தால் சொல்லுங்கள், வந்து வாங்கிக்கொள்கிறேன்.